நெட், செட், பிஎச்.டி.: வழக்கு வந்தால் எது நிற்கும்?

சேலம் அரசு கலைக் கல்லூரியிலோ, கோரிமேட்டு மகளிர் கல்லூரியிலோ, ஆத்தூர் வடசென்னிமலையிலோ உதவிப் பேராசிரியர் ஆக வேண்டும் என்று நினைக்கும் முதுகலைப் பட்டதாரிகள் கேட்பது ஒன்றுதான்: நெட் (தேசியத் தகுதித் தேர்வு) எழுதுவதா, பிஎச்.டி. பதிவதா? விதிப்படி இரண்டுமே தகுதிதான். ஆனால் தகுதி குறித்து யாராவது உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டால் எது அசையாமல் நிற்கும் என்று பார்த்தால், இரண்டும் சமம் இல்லை.

பிஎச்.டி.க்காரர்கள் பட்ட பாட்டை முதலில் சொல்ல வேண்டும். 2006-ல் யுஜிசி (பல்கலைக்கழக மானியக் குழு), பிஎச்.டி. முடித்தவர்களுக்கு நெட் வேண்டாம் என்றது. இளங்கலை வகுப்பெடுக்க எம்.ஃபில். போதும் என்றும் சொன்னது. அதை நம்பிப் பலர் ஆய்வில் இறங்கினார்கள். 2009 ஜூலை 11-ல் வந்த புதிய விதி, அந்த ஆண்டின் பிஎச்.டி. நெறிமுறைப்படி பட்டம் பெற்றவர்களுக்கு மட்டுமே விலக்கு என்று சுருக்கிவிட்டது. எம்.ஃபில்.லுக்கான விலக்கு அடியோடு போனது. வழக்குகள் குவிந்தன. சென்னை உயர் நீதிமன்றம் விதியை ஏற்றது, அலகாபாத் மாற்றிச் சொன்னது. கடைசியில் பி.சுசீலா என்பவர் யுஜிசிக்கு எதிராகத் தொடுத்த வழக்கில் 2015 மார்ச் 16 அன்று உச்ச நீதிமன்றம் யுஜிசி பக்கமே நின்றது. பணி நியமனம் ஆகும்வரை விண்ணப்பதாரருக்கு நிலைத்த உரிமை எதுவும் இல்லை, அதற்குள் தகுதி விதியை மாற்றலாம் என்பது தீர்ப்பின் சாரம். பத்து வருஷ உழைப்பை ஒரு அரசிதழ் அறிவிப்பு செல்லாமல் ஆக்க முடியும் என்பது எனக்கு இன்றும் நியாயமாகப் படவில்லை. ஆனாலும் சட்டம் அதுதான்.

2016-ல் யுஜிசி கொஞ்சம் இரக்கம் காட்டியது. 2009 ஜூலை 11-க்கு முன் பதிவு செய்தவர்கள் ஐந்து நிபந்தனைகளை நிறைவு செய்தால் விலக்கு உண்டு. ‘ஃபைவ் பாயிண்ட் சர்டிபிகேட்’ என்று எல்லோரும் சொல்வது இதைத்தான். பட்டம் ரெகுலர் முறையில் பெற்றதா? ஆய்வேட்டை வெளித் தேர்வாளர் இருவராவது மதிப்பிட்டார்களா? வைவா (வாய்மொழித் தேர்வு) பொதுவில் நடந்ததா? இரண்டு கட்டுரைகள் வெளிவந்து, அதில் ஒன்றாவது நடுவர் மதிப்பிடும் இதழில் வந்ததா? கருத்தரங்குகளில் இரண்டு கட்டுரைகள் வாசித்தீர்களா? 2018 விதிப்படி இதற்குப் பதிவாளரோ டீனோ கையெழுத்திட வேண்டும். நெறியாளர் லெட்டர்ஹெட்டில் எழுதிக் கொடுத்தது இதற்கு ஈடாகாது.

நெட்டுக்கு இந்தத் தொல்லை எதுவும் வந்ததில்லை. 2018 விதி, பல்கலைக்கழகத் துறைகளில் சேர 2021 ஜூலை முதல் பிஎச்.டி. கட்டாயம் என்றது. அதை 2023-க்குத் தள்ளிப்போட்டார்கள். 2023-ல் குறைந்தபட்சத் தகுதிக்கு நெட், செட் (மாநிலத் தகுதித் தேர்வு), ஸ்லெட் (செட்டின் இன்னொரு பெயர்) இவற்றில் ஒன்று போதும், பிஎச்.டி. கட்டாயமில்லை என்று முடித்துவிட்டார்கள். இத்தனை மாற்றத்திலும் நெட் தேறியவரின் கல்லூரித் தகுதி பறிபோகவே இல்லை. என் தீர்மானத்துக்கு இதுவே காரணம்: பிஎச்.டி. செய்யுங்கள், ஆனால் நெட்டை முதலில் முடித்துவிட்டுச் செய்யுங்கள்.

ஒரு எச்சரிக்கை. 2024 ஜூன் முதல் நெட் முடிவு மூன்று பிரிவாக வருகிறது. ‘பிஎச்.டி. சேர்க்கைக்கு மட்டும்’ என்ற மூன்றாம் பிரிவு, உதவிப் பேராசிரியர் தகுதி ஆகாது. சான்றிதழில் அந்த வரியைப் படித்துப் பாருங்கள்.

செட்டைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. தமிழ்நாட்டுக்குள் அது நெட்டுக்குச் சமம், மாநிலம் தாண்டினால் செல்லாது. 2018-க்குப் பிறகு இங்கே செட் நடந்தது 2025 மார்ச்சில்தான். நெட் ஆண்டுக்கு இருமுறை வருகிறது. செட்டுக்காகக் காத்திருந்தால் வயசுதான் போகும்.

இன்னும் பலரைக் கவிழ்ப்பது பாடப் பொருத்தம். பயோகெமிஸ்ட்ரி படித்துவிட்டு கெமிஸ்ட்ரி பணியிடத்துக்கு விண்ணப்பித்து, “இரண்டும் ஒன்றுதானே” என்று நீதிமன்றம் போனால் பெரும்பாலும் பலன் இருக்காது. எது இணையான பட்டம் என்பதைப் பணி தரும் அரசுதான் முடிவு செய்ய வேண்டும், நீதிமன்றம் விரித்துப் பொருள் சொல்லக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2018-ல் ஜாகூர் அகமது வழக்கில் தெளிவாக்கிவிட்டது. ஆகவே உங்கள் பட்டம் இணையானது என்று சொல்லும் அரசாணை (ஈக்விவலன்ஸ் ஜி.ஓ.) இருக்கிறதா என்று முதலிலேயே பாருங்கள். அறிவிப்பில் வேறு தேதி சொல்லாவிட்டால், தகுதியை விண்ணப்பக் கடைசித் தேதியில் வைத்துத்தான் பார்ப்பார்கள் என்பது ரேகா சதுர்வேதி வழக்கிலேயே (1993) முடிந்த விஷயம்.

சரி, தகுதிக் குறை இருக்கிறது, வழக்குப் போட்டுப் பார்க்கலாமா? சேலத்துக்காரர்களுக்கு உயர் நீதிமன்றம் என்றால் சென்னைதான். இடைக்கால உத்தரவில் தேர்வு எழுத அனுமதி கிடைக்கலாம். அதனால் மட்டும் உரிமை பிறந்துவிடாது, இறுதித் தீர்ப்பு எதிராக வந்தால் மதிப்பெண் வீண். அறிவிப்பே விதிக்கு முரணாக இருந்தால் மட்டும் போராடுங்கள், அதில் நியாயமும் பலமும் உண்டு. பல வருஷமாகக் குறைந்த ஊதியத்தில் வகுப்பெடுக்கும் கௌரவ விரிவுரையாளர்களுக்கு இதைத்தான் அழுத்திச் சொல்கிறேன்: உதவிப் பேராசிரியர் தகுதிக்காக நெட் எழுத வயது வரம்பு கிடையாது. பழைய பிஎச்.டி. வைத்திருப்பவர்கள் அடுத்த டி.ஆர்.பி. (ஆசிரியர் தேர்வு வாரியம்) அறிவிப்பு வரும்வரை இருக்காமல், பதிவுக் கடிதத்தின் நகலோடு இந்த மாதமே பல்கலைக்கழகத்தில் ஃபைவ் பாயிண்ட் சான்றுக்கு மனுக் கொடுத்துவிடுங்கள்.