டாங்கோவா, கதெத்ராவா: எதை முதலில் பார்ப்பது?

போலந்து அனிமேஷனுக்குள் நுழைய ரிப்சின்ஸ்கியின் டாங்கோவா, பகின்ஸ்கியின் கதெத்ராவா என்று குழம்புகிறவர்களுக்கு இது. இரண்டு குறும்படங்களுமே பத்து நிமிடத்துக்குள் முடிந்துவிடும், அதனால் நேரம் ஒரு பிரச்சினையே இல்லை.

உழைப்பு:
டாங்கோ (1981): வுச் நகரத்து செமாஃபோர் ஸ்டுடியோ. கணினி கிடையாது. ஒரே அறைக்குள் 36 பேர். பந்தை எடுக்க ஜன்னல் வழியே ஏறிவரும் பையன், பொட்டலம் திருடுகிறவன் என்று ஒவ்வொருவராக வந்து ஒருவர் மேல் ஒருவர் இடிக்காமல் சுற்றிக்கொண்டே இருப்பார்கள், இதற்காக சுமார் 16,000 செல் மறைப்புகளை (ஒரு உருவத்தை மட்டும் பிரித்தெடுக்க மற்றதை மறைக்கும் தாள்கள்) கையாலேயே செய்தார் மனிதர்.
கதெத்ரா (2002): வார்சாவின் பிளாட்டிஜ் இமேஜ். முழுக்கக் கணினி.

அங்கீகாரம்:
டாங்கோ: 1983இல் ஆஸ்கர். விழாவின் நடுவே வெளியே போன ரிப்சின்ஸ்கியைத் திரும்ப உள்ளே விடாததால் தகராறு, அன்றிரவே கைது!
கதெத்ரா: ஆஸ்கர் பரிந்துரையோடு சரி.

இன்று பார்த்தால்:
டாங்கோ: ஓரங்களில் நடுக்கம் தெரியும், அதுதான் அழகே.
கதெத்ரா: கிராஃபிக்ஸ் கொஞ்சம் பழசாகிவிட்டது. ஆனால் தூண்களில் மனித முகங்கள் தெரியும் இடம் இன்னும் உறுத்துகிறது.

எடிட்டிங், காம்போசிட்டிங் (பல படங்களை ஒரே காட்சியாகச் சேர்ப்பது) கற்கிறவர்கள் டாங்கோவிலிருந்து தொடங்குங்கள். த்ரீடி, கேம் பக்கம் போகிறவர்களுக்கு பகின்ஸ்கிதான். விட்சர் கேமுக்கு முன்னோட்டக் காட்சிகள் செய்ததும் அவரே. எனக்கு? டாங்கோ, யோசிக்கவே வேண்டாம்.