சாலை விரிவாக்க வழக்கில் ‘கன்டெம்ட்’ போடும் லாயர் சேவை: பினாங்கு வீட்டுக்காரர்களுக்கு

தடையுத்தரவு கையில் இருக்கும்போதே மாநகர் மன்றத்தின் குத்தகையாளர் வேலியை இடித்துவிட்டால், ஜார்ஜ் டவுன் லாயர் அலுவலகங்களில் கிடைக்கும் முதல் பதில் “கன்டெம்ட் (நீதிமன்ற அவமதிப்பு வழக்கு) போடலாம்” என்பதுதான். சரியாகச் செய்தால் இதைவிட வலுவான ஆயுதம் கிடையாது. ஆனால் இடித்தது அநியாயமா என்ற கேள்விக்குப் போவதற்கு முன்பே, பேப்பர் சரியில்லாமல் மனு விழுந்துவிடலாம். அதனால் இந்தச் சேவையை உத்தரவின் நகலை முதலில் கேட்டு வாங்கிப் படிக்கும் அலுவலகம், படிக்காத அலுவலகம் என்று பிரித்துத்தான் மதிப்பிட வேண்டும்.

படிக்கிறவர் மூன்றைப் பார்ப்பார். யார், எதை, எங்கே செய்யக் கூடாது என்று உத்தரவு தெளிவாகச் சொல்கிறதா? ஏதாவது செய்யச் சொல்லும் உத்தரவானால் கெடு இருக்கிறதா? மீறினால் சிறை என்ற எச்சரிக்கைக் குறிப்பு, கொடுத்த நகலில் எழுதப்பட்டதா? 2012 நீதிமன்ற விதிகளில் 45ஆம் ஆணை என்ற பகுதி இந்தக் குறிப்பைக் கேட்கிறது. அதிகாரி ஒருவரைத் தண்டிக்கக் கேட்டால் பொதுவாக உத்தரவு அவர் கையிலேயே நேரில் சேர்ந்திருக்க வேண்டும். மன்றத்தின் கவுண்டரில் முத்திரை வாங்கி வந்தது போதாது. பல மனுக்கள் சறுக்கும் இடம் இதுதான்.

அடுத்தது அதே விதிகளின் 52ஆம் ஆணை. குற்றச்சாட்டை எழுதிய வாக்குமூலமும் அதை உறுதிப்படுத்தும் அஃபிடவிட்டும் (சத்தியப் பிரமாணப் பத்திரமும்) வைத்து, எதிர்த்தரப்பு இல்லாமல் முதலில் அனுமதி வாங்க வேண்டும். ஏன் தண்டிக்கக் கூடாது என்று காரணம் கேட்கும் நோட்டீசும் எதிர்த்தரப்புக்கு நேரில் போக வேண்டும். அனுமதி கிடைத்த 14 நாளுக்குள் தண்டிக்கக் கேட்கும் அடுத்த மனு போகாவிட்டால் அனுமதி காலாவதி. வாக்குமூலத்தில் எழுதாத குற்றச்சாட்டை நீதிமன்ற அனுமதி இல்லாமல் விசாரணையில் புதிதாகக் கிளப்ப முடியாது. நிரூபணமும் கிரிமினல் வழக்கு அளவுக்கு, சந்தேகத்துக்கு இடமில்லாமல் இருக்க வேண்டும். எனவே தேதி, நேரத்தோடு படங்கள், லாரி எண், இடிக்கச் சொன்ன ஆள் யார் என்ற சாட்சியம் எல்லாம் அன்றைக்கே சேர வேண்டும். இவற்றைக் கேட்காமலே தொகையைச் சொல்லும் அலுவலகத்திலிருந்து எழுந்து வந்துவிடுங்கள்.

சேவையின் பெரிய பலவீனம் நில விஷயம். மனுவை அழகாக எழுதும் சிலர், வேலி யார் நிலத்தில் நிற்கிறது என்று பார்ப்பதில்லை. நில அலுவலகத்தில் கிராண்ட் (நில உரிமைப் பத்திரம்) தேடல், அளவைத் துறையின் சான்றளித்த வரைபடம், உரிமம் பெற்ற நில அளவையாளர் எல்லைக்கல்லைத் தேடிக் குறித்த அறிக்கை, இந்த மூன்றும் வேண்டும். வேலி சாலை ரிசர்வில் (சாலைக்கென ஒதுக்கிய நிலத்தில்) ஓர் அடி நுழைந்திருந்தால், இடித்த இடம் உங்கள் நிலமே அல்ல என்ற வாதம் முதல் நாளே வரும்.

இழப்பீடு குறைவு என்ற கோபத்துக்கு கன்டெம்ட் மருந்தல்ல. கையகப்படுத்தும் நிலத்துக்கு இழப்பீட்டை முடிவு செய்வது மன்றம் அல்ல, 1960ஆம் ஆண்டு நிலக் கையகப்படுத்தல் சட்டத்தின்படி நில நிர்வாகி. அவருடைய விசாரணைக்கு வந்து தீர்ப்பை நேரில் கேட்டவர், தொகை போதவில்லை என்றால் அன்றிலிருந்து 6 வாரத்துக்குள் போராங் என் என்ற ஆட்சேபப் படிவத்தைக் கொடுக்க வேண்டும். சாலை அகலமானால் மீதி நிலத்தின் விலை ஏறும் என்று சொல்லி, அந்த ஏற்றத்தை இழப்பீட்டில் கழிக்கவும் சட்டம் இடம் தருகிறது. இதற்குப் பதில் சொல்ல, சொந்தமாக ஒரு மதிப்பீட்டாளரின் அறிக்கை இல்லாமல் போகாதீர்கள். இந்த வேறுபாட்டை முதல் சந்திப்பிலேயே விளக்கும் லாயர் கிடைத்தால் விடாதீர்கள்.

கட்டணத்தை மொத்தமாகக் கொடுக்க வேண்டாம். உத்தரவைப் பரிசோதித்து எழுத்தில் கருத்துச் சொல்ல ஒரு தொகை, அனுமதி மனுவுக்கு ஒன்று, விசாரணைக்கு ஒன்று என்று பிரித்துக் கேளுங்கள். முதல் கட்டத்திலேயே “நிற்காது” என்று சொல்கிறவர் உங்கள் பணத்தைக் காப்பாற்றுகிறார்.

எங்கள் மதிப்பெண் 5க்கு 3. கன்டெம்ட்டில் ஜெயித்தாலும் இடிந்த சுவருக்குக் காசு தானாக வராது. நஷ்ட ஈட்டுக்குத் தனி வழக்கு வேண்டும். மாநகர் மன்றம் போன்ற பொது அதிகாரத் தரப்பின் மீது அதைப் போட 36 மாதம்தான். கன்டெம்ட் முடியட்டும் என்று காத்திருந்தாலும் அந்தக் கணக்கு ஓடிக்கொண்டே இருக்கும்.