'வரைந்த' ஆட்டங்களும் ஒட்டிய விடைகளும்: ஒரு செஸ் வினாடி வினா பெட்டி

"கார்ப்போவும் காஸ்பரோவும் 40 ஆட்டங்களை வரைந்தனர்." பேத்தி அட்டையைச் சத்தமாகப் படித்து முடித்ததும் திண்ணையில் இருந்த பிள்ளைகள் எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். "என்ன படம் வரைந்தார்கள் தாத்தா?" என்று கேட்டான் பக்கத்து வீட்டுப் பையன். ஆட்டம் சமனில் முடிவதைக் குறிக்கும் டிரா என்ற ஆங்கிலச் சொல்லை இயந்திரத்திடம் கொடுத்து மொழிபெயர்த்து, வந்ததைத் திரும்பிப் பாராமல் அச்சுக்கு அனுப்பிவிட்டார்கள். வேறோர் அட்டையில், ஆங்கிலத்தில் பிஷப் எனப்படும் மந்திரி 'ஆயர்' ஆகிவிட்டார். அவர் மூலைவிட்டத்தில் போகிறார் என்று படித்தபோது பிள்ளைகள் சிரித்த சிரிப்பில் அன்றைய வகுப்பே கலைந்தது.

நான் கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவன். ஞாயிற்றுக்கிழமை காலையில் ஏழெட்டுப் பிள்ளைகளுக்குச் செஸ் சொல்லித் தருகிறேன். ஒன்றரை மணி நேரத்துக்கு மேல் அவர்களைக் கட்டத்தின் முன் உட்கார வைக்க முடியாது. கடைசி அரை மணிக்கு ஏதாவது வேண்டும் என்றுதான் 499 ரூபாய் கொடுத்து இணையத்தில் இந்தப் பெட்டியை வரவழைத்தேன். கிராண்ட்மாஸ்டர்களின் வாழ்க்கை பற்றிய 180 கேள்வி அட்டைகள், நாமே எழுதிக்கொள்ள 10 வெற்று அட்டைகள், ஒரு மணல் கடிகாரம். தயாரித்தவர்களின் பெயரை எழுதப் போவதில்லை. பிழைப் பட்டியலைத் தனியே அவர்களுக்கு அனுப்பியிருக்கிறேன், திருத்தட்டும்.

முதலில் பொருளைச் சொல்லிவிடுகிறேன். அட்டை கெட்டியானது, மூலை மடங்கவில்லை, எழுத்து என் கண்ணுக்கும் தெரிகிற அளவில் இருக்கிறது. மணல் கடிகாரம் இரண்டாவது வாரமே அடைத்துக்கொண்டது. தட்டினால் ஓடும்.

மஞ்சள் அட்டைகள் சாதனைகளுக்கு. மிக இளையவர் யார், மிக அதிகம் எது என்ற வகை. இவற்றில் ஒன்று எனக்கு மிகவும் பிடித்துவிட்டது, தயாரித்தவர்கள் நினைத்த காரணத்துக்காக அல்ல. 'மிக இளைய உலகச் சாம்பியன்' என்ற அட்டையின் பின்புறம் ஒரு சிறு தாளை ஒட்டியிருக்கிறார்கள். அதில் "குகேஷ், 18 வயது" என்று இருக்கிறது. நாலு பேர் கைபட்டதும் தாள் பிரிந்து, அடியில் "காஸ்பரோவ், 22 வயது" என்பது தெரிய ஆரம்பித்தது. 2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் டிங் லிரெனை 7.5–6.5 என்று குகேஷ் வென்றபோது இந்தப் பெட்டிகள் எங்கோ கிடங்கில் தயாராக இருந்திருக்கும். 1985 முதல் நிலைத்து நின்ற சாதனை ஒரு பிசின் தாளுக்கு அடியில் போனதை இப்படிக் கையில் பிடித்துப் பார்ப்பது தனிச் சுகம். மற்ற மஞ்சள் அட்டைகள் வெறும் எண்கள். பிள்ளைகள் மூன்றே வாரத்தில் மனப்பாடம் செய்துவிட்டார்கள், தீர்ந்தது.

நீல அட்டைகளில்தான் பெட்டிக்கு உயிர் இருக்கிறது. 1983-இல் ஆஸ்திரியாவின் வெல்டன் நகரில் ஸ்மிஸ்லோவும் ஹியூப்னரும் ஆடிய கேண்டிடேட்ஸ் (உலகச் சாம்பியனோடு மோதுபவரைத் தேர்ந்தெடுக்கும் போட்டி) காலிறுதி, கூடுதல் ஆட்டங்களுக்குப் பிறகும் 7–7 என்று சமனாக நின்றது. அடுத்த சுற்றுக்குப் போவது யார் என்பதைச் சூதாட்ட விடுதியின் ரூலெட் சக்கரம் தீர்மானித்தது: சிவப்பு வந்தால் ஸ்மிஸ்லோவ், கறுப்பு வந்தால் ஹியூப்னர். அட்டை இதைச் சரியாகவே சொல்கிறது. ஆனால் முதல் சுழற்சியில் பந்து பூஜ்யத்தில் போய் நின்றதைச் சொல்லவில்லை. சிவப்பும் இல்லை, கறுப்பும் இல்லை, அதுவும் டிரா! மறுபடி சுழற்றியபோதுதான் சிவப்பு 3 வந்து ஸ்மிஸ்லோவ் தப்பினார். அப்போது அவருக்கு 62 வயது. மறு ஆண்டு இறுதிப் போட்டி வரை போய், தன் வயதில் மூன்றில் ஒரு பங்குகூட ஆகாத காஸ்பரோவிடம் தோற்றார். இளமையில் மாஸ்கோவின் பல்ஷாய் அரங்கில் பாடகராகச் சேரக் குரல் தேர்வுக்குப் போன மனிதர் என்பதும் அட்டையில் இல்லை. இந்தக் கதையை நான் சொன்ன நாளிலிருந்து, கடைசி முறுக்கு யாருக்கு என்பதைப் பிள்ளைகள் பம்பரம் சுற்றித்தான் முடிவு செய்கிறார்கள்.

தைமனோவ் அட்டைக்காகக் கோபப்பட்டேன், இன்னும் கோபம் போகவில்லை. கேள்வி இதுதான்: "1971-இல் ஃபிஷரிடம் 6–0 என்று தோற்றவர் யார்?" ஒரு மனிதரை இதற்காக மட்டுமா நினைவில் வைப்பது? அவர் மேடைக் கச்சேரி செய்த பியானோ கலைஞர். மனைவி லியூபோவ் புரூக்குடன் இரட்டைப் பியானோ வாசித்து இசைத்தட்டுகள் வெளியிட்டவர். வான்கூவரில் தோற்று ஊர் திரும்பியபோது சோவியத் சுங்க அதிகாரிகள் பெட்டியைத் திறந்து, தடை செய்யப்பட்ட எழுத்தாளர் சோல்ஷெனிட்சினின் புத்தகம் ஒன்றைக் கண்டுபிடித்தார்கள். பட்டம் பறிபோனது, வெளிநாட்டுப் பயணமும் போனது. தோற்காமல் வந்திருந்தால் பெட்டியை யார் திறந்திருப்பார்கள்? அதோடு, அதே ஆண்டு டென்வரில் லார்சனும் ஃபிஷரிடம் 6–0 என்றே தோற்றார். ஆகவே அந்தக் கேள்விக்கு இரண்டு விடைகள். எங்கள் திண்ணையில் லார்சன் என்று சொன்ன பையனுக்கும் மதிப்பெண் கொடுத்தேன்.

பிலிப்பைன்ஸின் பாகுயோ நகரில் நடந்த போட்டி பற்றிய அட்டை நன்றாக வந்திருக்கிறது. 1978 உலகச் சாம்பியன் போட்டியின் இரண்டாவது ஆட்டத்தில் கார்ப்போவுக்கு ஒரு கிண்ணம் யோகர்ட் வந்தது. அதில் ரகசியச் செய்தி ஏதும் இருக்கலாம் என்று எதிராளி கோர்ச்னோயின் தரப்பு புகார் செய்தது. மொழிபெயர்ப்பு இங்கே 'தயிர்' என்று போட்டிருக்கிறது, அது போதும். தயிர்ச் சாதத்தோடு பள்ளிக்குப் போகிற பிள்ளைகள் இதை வைத்து ஒரு மாதம் ஓட்டினார்கள்.

இனி பிழைகள். பெண்களுக்கான பச்சை அட்டைகளில், கிராண்ட்மாஸ்டர் பட்டம் பெற்ற முதல் பெண் ஜூடிட் போல்கார் என்று இருக்கிறது. இல்லை. ஜார்ஜியாவின் நோனா கப்ரிந்தாஷ்விலி 1978-இலேயே பெற்றுவிட்டார். ஜூடிட் 1991-இல் முறியடித்தது மிக இளைய கிராண்ட்மாஸ்டர் என்ற ஃபிஷரின் சாதனையை. இன்னொன்று, கிராண்ட்மாஸ்டர் பட்டத்தை 1914-இல் ரஷ்யச் சக்கரவர்த்தி வழங்கினார் என்று அடித்துச் சொல்கிறது ஓர் அட்டை. பலகாலமாக உலவும் கதைதான், வரலாற்றைத் துருவியவர்கள் அதைச் சந்தேகத்தோடுதான் பார்க்கிறார்கள். சர்வதேசக் கூட்டமைப்பு முறையாகப் பட்டம் கொடுக்க ஆரம்பித்தது 1950-இல், 27 பேருக்கு.

பட்டத்தோடு இறந்த ஒரே உலகச் சாம்பியன் அலெகைன் என்பது சிவப்பு அட்டைகளில் ஒன்று. 1946-இல் போர்ச்சுகலின் எஸ்டோரில் ஹோட்டல் அறையில் இறந்தார், உண்மை. ஆனால் பெண்கள் உலகச் சாம்பியன் வேரா மெஞ்சிக்கும் பட்டத்தோடுதான் போனார். 1944 ஜூனில் லண்டனில் ஜெர்மானியரின் பறக்கும் குண்டு விழுந்து, தாயும் சகோதரியும் அவருமாக ஒரே வீட்டில் மடிந்தார்கள். பச்சை அட்டைகளை எழுதியவரும் சிவப்பு அட்டைகளை எழுதியவரும் ஒருவரோடு ஒருவர் பேசிக்கொள்ளவில்லை போலிருக்கிறது.

ஆனந்துக்கு மூன்றே அட்டைகள். 2010-இல் எரிமலைச் சாம்பலால் விமானங்கள் நின்றுபோக, உலகச் சாம்பியன் போட்டிக்காக ஃபிராங்க்ஃபர்ட்டிலிருந்து பல்கேரியாவின் சோஃபியாவுக்கு அவர் ரயிலில் போனார் என்கிறது ஒன்று. காரில் போனார், ஏறக்குறைய 40 மணி நேரம். மூன்று நாள் அவகாசம் கேட்டதற்கு ஒரே நாள் கிடைத்தது. முதல் ஆட்டத்தைத் தோற்று, கடைசியில் டோபலோவை 6.5–5.5 என்று வென்றார்.

மானுவல் ஆரோன் பெட்டியிலேயே இல்லை. கிராண்ட்மாஸ்டர் இல்லையே, அதற்கு ஒரு படி கீழான இன்டர்நேஷனல் மாஸ்டர்தானே என்று சொல்வார்கள். சரி. ஆனால் மேக்ஸ் யூவேக்கு அட்டை இருக்கிறது. கணக்கு வாத்தியாராக இருந்துகொண்டே 1935-இல் அலெகைனைத் தோற்கடித்து உலகச் சாம்பியன் ஆனவர். அந்த அட்டையை மட்டும் நான் எப்போதும் மேலே வைப்பேன், காரணம் சொல்ல வேண்டியதில்லை. அந்த யூவேயை 1960 லைப்சிக் ஒலிம்பியாடில் தோற்கடித்தவர் நம் ஆரோன். யூவே அட்டையின் அடியில் ஒரு வரி சேர்க்க இடம் இல்லாமலா போயிற்று?

டால் அட்டையிலும் இதே குறைதான். "ரீகாவில் பிறந்த எட்டாவது உலகச் சாம்பியன் யார்? மிகைல் டால், 1960." அவ்வளவு. பிறவியிலேயே வலக்கையில் மூன்றே விரல்கள் இருந்ததைச் சொல்லவில்லை. சிறுநீரக நோயோடு வாழ்நாளெல்லாம் போராடியதைச் சொல்லவில்லை. 51 வயதில் கனடாவின் செயின்ட் ஜான் நகரில் கார்ப்போவும் காஸ்பரோவும் இருந்த மின்னல் வேகச் செஸ் உலகச் சாம்பியன் போட்டியை வென்றதைச் சொல்லவில்லை. 1992 மே மாதம், சாவதற்கு ஒரு மாதம் முன்பு, மாஸ்கோ மருத்துவமனையிலிருந்து எழுந்து வந்து மின்னல் வேகச் செஸ்ஸில் காஸ்பரோவை வீழ்த்தியதையும் சொல்லவில்லை. நான் சொன்னேன். "அப்புறம் மருத்துவமனைக்கே திரும்பப் போய்விட்டாரா?" என்று பேத்தி கேட்டாள். எனக்குத் தொண்டை கொஞ்சம் அடைத்தது.

சென்னையில் சோவியத் கலாசார மையத்தில் டாலின் பெயரிலேயே ஒரு செஸ் சங்கம் இருந்தது, சிறுவன் ஆனந்த் ஆடிப் பழகிய இடம் அது, அதைத் தொடங்கியவர் ஆரோன். தமிழ்ப் பிள்ளைகளுக்கென்று தமிழில் அச்சிட்ட பெட்டியில் இது இல்லை.

வாங்கலாமா என்றால், பக்கத்தில் விவரம் தெரிந்த பெரியவர் ஒருவர் இருந்தால் வாங்கலாம். பிள்ளைகளிடம் தனியாகக் கொடுத்துவிட்டுச் சமையலறைக்குப் போய்விடாதீர்கள். ஐந்துக்கு மூன்று கொடுக்கிறேன், அதில் ஒன்று ஸ்மிஸ்லோவுக்கு.

வெற்று அட்டை ஒன்றில் பேத்தி தன் கேள்வியை எழுதினாள்: "மிகைல் டால் பெயரில் செஸ் சங்கம் இருந்த தமிழ்நாட்டு ஊர் எது?" அட்டை வழவழப்பாக இருப்பதால் பேனா மை ஒட்டவில்லை, பென்சில் பதியவே இல்லை. மூன்று முறை எழுதி, மூன்று முறையும் விரலில் அப்பிக்கொண்டாள். மார்க்கர் ஒன்று தனியாக வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.