பரண் ஆட்டுக்குக் குளம்புக் கத்தரி: பார்த்து வாங்குங்க

தாராபுரம், காங்கேயம் பக்கம் கொறங்காட்டில் (வேலி அடைத்த மேய்ச்சல் நிலம்) மேயும் ஆட்டுக்குக் குளம்பு வெட்டுகிற வேலை அதிகம் வராது. சரளை மண்ணே தேய்த்துவிடும். பரண் போட்டு வளர்க்கும் வெள்ளாட்டுக்குத்தான் தேய வழியில்லை. குளம்பின் ஓரச்சுவர் வளர்ந்து அடிப்பக்கமாக மடங்கும். அந்த மடிப்பில் புழுக்கையும் ஈரமும் அடைந்து அழுகல் பிடிக்கும். பரண் வைத்திருப்பவர்கள் ரம்பப்பல் குளம்புக் கத்தரி ஒன்றைத் தயங்காமல் வாங்கலாம்.

செடி கவாத்து செய்யும் கத்தரியே போதாதா என்று பலர் கேட்கிறார்கள். போதாது. அதன் கீழ் அலகு தடிமனாக, வளைந்து இருக்கும், மடிப்புக்குள் நுழையாது. குளம்புக் கத்தரியின் இரண்டு அலகும் குட்டை, நேர், முனை கூர். முனையாலேயே அழுக்கைக் கிண்டி எடுத்துவிட்டு வெட்டலாம். பேனாக்கத்தியும் அரிவாளும் வேண்டவே வேண்டாம். ஆடு உதறினால் கை போய்விடும்.

ரம்பப்பல் அலகு கோடையில் இறுகிய குளம்பிலும் வழுக்காது. ஒரே குறை, பல் மழுங்கினால் சாணைக்காரர் ஒன்றும் செய்ய முடியாது. வழுவழுப்பான அலகைச் சாணை பிடிக்கலாம், ஆனால் காய்ந்த குளம்பில் நழுவும். எங்கள் ஓட்டு ரம்பப்பல்லுக்கே.

கடையில் கத்தரியை மூடி வெளிச்சத்தில் பிடியுங்கள். இரண்டு முனையும் சேர வேண்டும்; இடைவெளி தெரிந்தால் குளம்பை வெட்டாது, நசுக்கும். நடுவில் ரிவிட் அடித்ததை விட்டுவிட்டு போல்ட்-நட் உள்ளதை எடுங்கள், ஆட்டம் கண்டால் முடுக்கிக்கொள்ளலாம். தடித்த அட்டையை வெட்டிப் பார்க்கும்போது கைப்பிடியை மூடி வைக்கும் பூட்டு தானாக விழுந்தால் அந்தச் சாமான் வேண்டாம்.

வெட்டும் முறை: ஆட்டைச் சுவரோரம் நிறுத்தி, கயிற்றைக் குட்டையாகக் கட்டி, முன்னால் ஒரு பிடி வேலிமசால் தீவனத்தழை போடுங்கள். காலை அது மடங்கும் திசையிலேயே தூக்க வேண்டும், பக்கவாட்டில் இழுக்கக்கூடாது. முதலில் மடிப்பை எடுங்கள். பிறகு ஓரச்சுவரை அடிப்பாதத்தோடு சமமாக, சீவல் சீவலாக வெட்டுங்கள். அடிப்பாகம் குளம்புக்கு மேலே ரோமம் முடியும் கோட்டுக்கு இணையாக வர வேண்டும். வெள்ளை போய் இளஞ்சிவப்பு தெரிந்ததும் கத்தரியை எடுத்துவிடுங்கள். அடுத்த வெட்டில் ரத்தம்தான். மிக நீளமாக வளர்ந்ததை ஒரே நாளில் சரிசெய்ய நினைக்காமல் இரண்டு வாரம் விட்டு மறுபடி வெட்டுங்கள். நிறைசினை ஆட்டைத் தொட வேண்டாம். மழைக்குப் பின் குளம்பு ஊறியிருக்கும், வேலை பாதியாகும். 6 முதல் 8 வாரத்துக்கு ஒருமுறை பார்த்தால் போதும்.

ரத்தம் வந்தால் சுத்தமான துணியால் சில நிமிடம் அழுத்திப் பிடித்து, நின்றபின் போவிடோன் அயோடின் தடவி, காய்ந்த தரையில் விடுங்கள். ஆட்டுக்கு ரணஜன்னி (டெட்டனஸ்) எளிதில் வரும். தடுப்பூசி பற்றிக் கால்நடை மருத்துவரிடம் கேட்டுவிடுங்கள்.

நாற்றம் அடிக்கும் குளம்பைக் கடைசியாக வெட்டி, 10 லிட்டர் தண்ணீருக்கு 1 கிலோ துத்தநாக சல்பேட் கரைத்து அதில் நிற்க வையுங்கள். ஒவ்வொரு ஆட்டுக்கும் இடையில் அலகை ஸ்பிரிட்டால் துடைக்க வேண்டும். அழுகல் உள்ள பட்டியில் அந்த ஆடுகளுக்கென்று தனிக் கத்தரி வைத்துக்கொள்வது இன்னும் நல்லது.