சோலைப் புல்வெளியைப் படமாக்க: பின்னணிக் குரலா, நீள் காட்சியா?

பழனிமலையின் புல்வெளிகளைச் சீகை (வாட்டில்) மரங்கள் விழுங்கிவரும் கதையை ஆவணப்படமாக்க முனைபவருக்கு இரண்டு வழிகள் உள்ளன. பின்னணிக் குரல், ஆங்கிலேயர் காலத்தில் அம்மரம் ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த வரலாற்றையும், அப்புல்வெளிகளில் 12 ஆண்டுகளுக்கு ஒருமுறை பூக்கும் குறிஞ்சி 2006, 2018 ஆண்டுகளில் மலர்ந்ததையும் சில நிமிடங்களில் சொல்லிவிடும். கேமராவை அசைக்காமல், இயல்பான ஒலியோடு பத்து நிமிடம் ஓடவிடும் நீள் காட்சி என்ற சோதனை முயற்சியில் இத்தகவல்கள் கிடைப்பதில்லை. ஆனால் கொடைக்கானல் அருகே மன்னவனூர்ச் சரிவில் மேகம் ஏறி, சீகைத் தோப்பின் விளிம்பை மறைத்து, மெல்ல விலகும்போது, புல்வெளி எவ்வளவு குறுகிவிட்டது என்பதைப் பார்ப்பவரின் கண்ணே அளந்துகொள்கிறது. விளக்கம் முந்திக்கொண்டால் அந்தக் கவனிப்பு நிகழாது என்பதால், நான் நீள் காட்சியையே தேர்வேன், ஆண்டுகளை திரையில் ஓரிரு எழுத்தட்டைகளில் (எழுத்து மட்டும் தோன்றும் காட்சிகளில்) காட்டினால் போதும்.