ஹாம்ப்டன் பார்க் டூர், கென்னி மில்லருக்காக போனது

ஸ்காட்லாந்துல கிளாஸ்கோ போற ஃபுட்பால் ரசிகர்கள் பெரும்பாலும் செல்டிக் கிளப்போட செல்டிக் பார்க், இல்லன்னா அதே ஊர்ல அவங்க பரம எதிரி ரேஞ்சர்ஸோட ஐப்ராக்ஸ், இந்த ரெண்டு ஸ்டேடியத்துல ஒண்ண பாத்துட்டு திரும்பிடுவாங்க. நான் ஸ்காட்லாந்து தேசிய டீமோட மைதானமான ஹாம்ப்டனுக்குத்தான் மொதல்ல போகணும்னு ரொம்ப நாளா நெனச்சுட்டு இருந்தேன், அதுக்கு காரணம் ஒரே ஆளு, ஸ்காட்லாந்துக்கு ஆடுன ஸ்ட்ரைக்கர் கென்னி மில்லர். மச்சான் அங்க படிக்கிறான், அவனையும் கூட்டிட்டு போனேன். கிளாஸ்கோ சென்ட்ரல்ல ட்ரெயின் ஏறுனா மவுண்ட் ஃப்ளோரிடா ஸ்டேஷன் சீக்கிரமே வந்துடும், எறங்கி நடந்தே போயிடலாம். ட்ரெயின்லயே கேட்டான், "மாமா, டால்கிளிஷ் தெரியும், டெனிஸ் லா தெரியும், இது யாரு?"

சொல்லி முடிக்கிறதுக்குள்ள ஸ்டேஷன் வந்துடுச்சு. எடின்பரோல பொறந்தவரு, ஹிபர்னியன்ல ஆரம்பிச்சு, நடுவுல ஸ்டென்ஹவுஸ்முயருக்கு தற்காலிகமா லோன்ல போய், 2000ல ரேஞ்சர்ஸ், அப்புறம் வுல்வ்ஸ், செல்டிக், டெர்பி, திரும்ப ரேஞ்சர்ஸ், துருக்கில புர்ஸாஸ்போர், கார்டிஃப், கனடால வான்கூவர், மூணாவது தடவயும் ரேஞ்சர்ஸ், கடைசில லிவிங்ஸ்டன், டண்டீ, பார்ட்டிக் திஸில். மொத்தம் 12 கிளப். இப்படி மூட்டைய கட்டிகிட்டே இருந்த ஸ்ட்ரைக்கருக்கு பொதுவா எந்த ஊரும் சொந்த ஊர் ஆகாது, ரெக்கார்ட் புக்லயும் ஒரு வரிதான் கெடைக்கும். ஆனா மில்லர் அடிச்ச கோல்கள எடுத்து பாருங்க. 2004 ஜனவரில வுல்வ்ஸ் சொந்த மைதானத்துல மான்செஸ்டர் யுனைடெட்ட 1-0ன்னு ஜெயிச்சுது, அந்த ஒரு கோல் இவரோடது. 2007-08ல டெர்பி பிரீமியர் லீக்ல சீசன் முழுக்க ஜெயிச்சது ஒரே ஒரு மேட்ச், நியூகாசிலுக்கு எதிரா 1-0, அதையும் அடிச்சது இவர்தான், அதுவும் டெர்பிக்கு அவரு ஆடுன மொத மேட்ச்லயே. 11 பாயிண்ட்டோட கீழ் டிவிஷனுக்கு எறங்குன டீம் அது, அந்த வருஷத்துல அவங்க ரசிகர்களுக்கு சந்தோஷமா வீட்டுக்கு போன ஒரு லீக் சாயங்காலமாவது கெடச்சுதே.

சரி, டூருக்கு வரேன். ஸ்காட்டிஷ் ஃபுட்பால் மியூசியம் ஸ்டேடியத்துக்குள்ளயே தெற்கு ஸ்டாண்ட்ல இருக்கு, 2001ல திறந்தது. மியூசியம், ஸ்டேடியம் டூர் ரெண்டும் சேத்தே எடுங்க, ஒண்ண விட்டுட்டு இன்னொண்ணு மட்டும் பாத்தா பாதிதான் பாத்த மாதிரி. 1872 நவம்பர் 30ல கிளாஸ்கோல ஒரு கிரிக்கெட் கிளப் மைதானத்துல ஸ்காட்லாந்தும் இங்கிலாந்தும் ஆடி 0-0ல முடிஞ்சது, அதுதான் உலகத்தோட மொத இன்டர்நேஷனல் மேட்ச், அதோட டிக்கெட் ஒண்ணு இங்க இருக்கு. கண்ணாடிக்கு பின்னாடி அந்த சின்ன காகிதத்த பாத்துட்டு நான் நகரவே இல்ல. ஹால் ஆஃப் ஃபேம் பகுதில பெரிய பேர்கள், நிதானமா படிக்கணும், மச்சான் டால்கிளிஷ் பக்கத்துலயே நின்னுட்டான். 102 கேப், அதாவது நாட்டுக்காக 102 மேட்ச், 30 கோல், யாரு நிக்க மாட்டா. மில்லருக்கு 69 கேப், 18 கோல். குறைச்சலான கணக்கு இல்ல.

எனக்கு மியூசியத்துல முக்கியமான பொருள் ஸ்காட்டிஷ் கப். 1873-74ல ஆரம்பிச்ச போட்டி, உலகத்துலயே ரொம்ப பழைய தேசிய கால்பந்து கோப்பை இதுதான், வெள்ளி, நான் நெனச்சத விட சின்னது. இத பாக்கும்போது 2016 ஃபைனல் ஞாபகம் வராம இருக்குமா. ரேஞ்சர்ஸ் 2012ல கடன்ல மூழ்கி நாலாவது டிவிஷன்லேருந்து மறுபடி ஏறி வந்துட்டு இருந்த நேரம், மில்லர் 2014ல திரும்ப சேந்தப்போ அவங்க ரெண்டாவது டிவிஷன்ல இருந்தாங்க. 2016 ஏப்ரல்ல இதே ஹாம்ப்டன்ல செல்டிக்குக்கு எதிரா செமி ஃபைனல், மொத கோல் மில்லரோடது, 36 வயசுல, 2-2ல முடிஞ்சு பெனால்டில ரேஞ்சர்ஸ் ஜெயிச்சுது. மே மாசம் ஃபைனல். எதிர்ல யாருன்னா ஹிபர்னியன், சுருக்கமா ஹிப்ஸ், மனுஷன் ஆரம்பிச்ச கிளப்! ஹிப்ஸ் 1902க்கு அப்புறம் அந்த கப்ப தொட்டதே இல்ல. ஹிப்ஸ் மூணாவது நிமிஷத்துல கோல் போட, மில்லர் சமன் பண்ணாரு, அப்புறம் ரேஞ்சர்ஸ் 2-1, கடைசில ஹிப்ஸ் 3-2, வெற்றி கோல் ஸ்டாப்பேஜ் டைம்ல. 114 வருஷம் கழிச்சு கெடச்ச கப். தன்ன வளத்த கிளப் அத்தன வருஷம் காத்திருந்து ஜெயிக்கிற நாள்ல எதிர் பக்கம் நின்னு கோல் அடிச்சவரு தோத்து நடந்து போறாரு, அத நான் அன்னைக்கு ஸ்க்ரீன்லதான் பாத்தேன், இப்ப அந்த கப் என் மூஞ்சிக்கு நேரா. தொண்ட அடச்சுது, நெஜமா.

டூர்ல ட்ரெஸ்ஸிங் ரூம், அப்புறம் டன்னல், அப்புறம் மைதானத்தோட ஓரம் வரைக்கும் கூட்டிட்டு போறாங்க. எங்களுக்கு வந்த கைடு வயசானவரு, பொறுமையானவரு, 1937ல ஸ்காட்லாந்து இங்கிலாந்து மேட்ச்சுக்கு 1 லட்சத்து 49 ஆயிரம் பேருக்கு மேல நின்னாங்கன்னு சொல்லும்போது அவரு குரல் மாறிடுச்சு. இப்ப அதுல மூணுல ஒரு பங்கு சீட்தான். ஹாம்ப்டன் ரோர்னு சொல்றாங்களே அந்த சத்தம், காலி ஸ்டேடியத்துல நின்னா கூட கற்பனை பண்ண முடியுது. நான் மில்லர் பேர எடுத்ததும் அவரு குஷியாயிட்டாரு, குரூப் முன்னாடி போன பிறகும் ரெண்டு பேரும் பேசிட்டே இருந்தோம்.

அவருகிட்ட பேசுனது பூரா இந்த ஒரு மைதானத்துல மில்லர் அடிச்ச கோல்கள பத்திதான். 2003ல ஜெர்மனிக்கு எதிரா 1-1. 2005ல இத்தாலிக்கு எதிரா மொத கோல், அதுவும் 1-1, அந்த இத்தாலி அடுத்த வருஷம் உலகக் கோப்பை ஜெயிச்ச டீம். 2007ல உக்ரைன 3-1னு ஜெயிச்சப்போ மொத கோல். எனக்கு எல்லாத்துலயும் ஒசந்தது 2010 மார்ச் லீக் கப் ஃபைனல், செயின்ட் மிரனுக்கு எதிரா. ரேஞ்சர்ஸ்ல ரெண்டு பேருக்கு ரெட் கார்டு, 9 பேரோட ஆடுறாங்க, எப்படியாவது எக்ஸ்ட்ரா டைம் வரைக்கும் தாக்குப்பிடிச்சா போதும்னு இருந்த நேரம், 84வது நிமிஷம், கிராஸ் வருது, மில்லர் ஹெட்டர், 1-0, கப். முன்னாடி தனியா ஓடிட்டே இருந்த மனுஷன், ரெண்டு பேர் கொறஞ்ச டீம்ல அந்த நேரத்துலயும் பாக்ஸ்குள்ள போய் நின்னாரு பாருங்க, அந்த குணத்துக்காகத்தான் 12 கிளப்பும் அவர கூப்பிட்டாங்கன்னு நான் நம்புறேன்.

ரேஞ்சர்ஸ், செல்டிக் ரெண்டுக்கும் ஆடுறவங்க ரொம்ப கம்மி, ஆடிட்டு நிம்மதியா இருக்குறவங்க இன்னும் கம்மி. இவரு 2006ல செல்டிக்குக்கு அடிச்ச மொத கோலே ரேஞ்சர்ஸுக்கு எதிரா, 2008ல ரேஞ்சர்ஸ் திரும்ப வாங்குனதும் ஆகஸ்ட்ல செல்டிக் பார்க் போய் 4-2ல ரெண்டு கோல். போட்ட சட்டைக்கு உண்மையா ஆடுனாரு, அவ்ளோதான் எனக்கு தெரிஞ்ச வெளக்கம்.

சட்டைன்னதும் ஞாபகம் வருது, இந்த டூருக்குன்னே மில்லர் பேர் போட்ட பழைய ஸ்காட்லாந்து ஜெர்ஸி ஒண்ணு ஒரு ஆன்லைன் கடைல வாங்கியிருந்தேன், மொத தொவைப்புலயே எழுத்து உரிஞ்சுடுச்சு. பேர் போட்டு வாங்குறவங்க பிரிண்ட் எப்படின்னு கேட்டுட்டு வாங்குங்க.

டூர்ல பந்து அடிச்சு வேகம் அளக்குற எடமும் இருக்கு, பசங்கள கூட்டிட்டு போனா அங்கேருந்து கெளப்புறது கஷ்டம், மச்சானே வரிசைல திரும்ப நின்னான். ட்ரெயின்ல திரும்பும்போது அவனுக்கு 2013 வெம்பிளி கோல ஃபோன்ல காட்டுனேன். வான்கூவர்ல ஆடிட்டு இருந்த 33 வயசு ஆளு, டிஃபெண்டர முதுகுல வெச்சு திரும்பி அடிச்சு ஸ்காட்லாந்த 2-1னு முன்னாடி கொண்டு போன கோல் அது. மேட்ச் 3-2ல இங்கிலாந்துக்கு போச்சு, அதோட மில்லர் நாட்டுக்கு ஆடுறத நிறுத்திக்கிட்டாரு. மவுண்ட் ஃப்ளோரிடால ஏறி சென்ட்ரல் வர்றதுக்குள்ள நாலு தடவ போட சொல்லிட்டான்.

என் ரேட்டிங் 5க்கு 4.5. உங்களுக்குன்னு ஒரு ஆட்டக்காரர் இருந்தா அவர் இந்த மைதானத்துல என்னென்ன பண்ணாருன்னு முன்னாடியே படிச்சுட்டு போங்க, கைடு பொதுவா சொல்றதுக்கு மேல நீங்களா கேட்டாத்தான் அவங்ககிட்ட இருக்குறது வெளில வரும். மேட்ச், கச்சேரி இருக்குற நாள்ல டூர் நடக்காது, அதனால தேதிய பாத்து புக் பண்ணிக்கோங்க. அடுத்து ஏப்ரல்ல ஸ்காட்டிஷ் கப் செமிக்கு டிக்கெட் கெடச்சா போறதா இருக்கேன், மச்சான் இப்பவே அந்த வார லீவ குறிச்சு வெச்சுட்டான்.