ரிப்ளியா, ‘அன்யூஷுவல் ஆக்குபேஷன்ஸ்’ தொடரா?

அமெரிக்காவின் பழைய விசித்திரக் குறும்படங்களை எங்கிருந்து பார்க்கத் தொடங்குவது என்று தயங்குவோர்க்காக இந்த ஒப்பீடு.

காலம்: ரிப்ளியின் ‘பிலீவ் இட் ஆர் நாட்’ (நம்பினால் நம்புங்கள்) என்ற வைட்டாஃபோன் பேசும்படங்கள் 1930 முதல் 1932 வரை வெளிவந்தவை, பாரமவுண்ட் நிறுவனத்தின் ‘அன்யூஷுவல் ஆக்குபேஷன்ஸ்’ (அரிய தொழில்கள்) தொடர் 1937இல் தொடங்கி 1949 வரை நீடித்தது.

நிறம்: முன்னது கறுப்பு வெள்ளை, பின்னது வண்ணம்.

ஒலி: வைட்டாஃபோன் முறையில் ஒலி 16 அங்குல இசைத்தட்டில் தனியே இருந்ததால், படச்சுருள் எங்கேனும் அறுந்து சில சட்டகங்கள் குறைந்தாலே உதட்டசைவும் குரலும் விலகிவிடும், பழைய படங்களைக் காப்பவர்களின் உழைப்பை நான் பெரிதும் மதிப்பது இதனால்தான். பின்னதில் இச்சிக்கல் இல்லை.

மனிதர்கள்: பத்திரிகைச் சித்திரக்காரரான ரிப்ளி தாமே திரையில் தோன்றி வியப்புகளை அடுக்குகிறார், ஆனால் உடல் வேறுபாடுள்ளவர்களைக் காட்சிப்பொருளாக்கிய அக்கால வழக்கத்தின் நிழல் அவர் உலகில் விழுந்திருப்பது மனத்தை வருத்துகிறது. தயாரிப்பாளர் ஜெர்ரி ஃபேர்பேங்க்ஸின் ‘அன்யூஷுவல் ஆக்குபேஷன்ஸ்’ தொடரோ அரிய தொழில் செய்வோரின் கைத்திறனில் கண் வைக்கிறது.

பேசும்படத்தின் தொடக்கத்தை ஆராய விரும்புவோர் ரிப்ளியை நாடலாம். பிள்ளைகளோடு அமர்ந்து பார்க்க இரண்டாவதே ஏற்றது.